சொந்த ஆளை வைத்துச் சரக்கு இறக்கினால் லாரியை மறிக்கிறார்கள்: சட்டத்தில் என்ன வழி?

கெடிலக்கரை (கேள்வி):

கடலூரில் டைல்ஸ், சானிட்டரி சாமான் விற்கும் சிறிய கடை. நிரந்தர ஆட்கள் 5 பேர். அதில் 3 பேருக்கு ஏற்றி இறக்குவதுதான் முக்கிய வேலை. மாதம் இரண்டு மூன்று லோடு குஜராத் மோர்பியிலிருந்து வரும். லாரி வந்து நின்றதும் அந்த வட்டாரச் சுமைதூக்குவோர் சங்கம் என்று சொல்லி ஏழெட்டுப் பேர் வருகிறார்கள். "இந்த ஏரியாவில் எது இறங்கினாலும் நாங்கதான் இறக்கணும். உங்க ஆள் இறக்கினா எங்களுக்குப் பாதிக் கூலி வைக்கணும்" என்பது பேச்சு. மறுத்தால் லாரிக்கு முன்னால் உட்கார்ந்துவிடுகிறார்கள். அடிதடி கிடையாது. போலீஸில் கேட்டால் "தொழிற்சங்க விஷயம், லேபர் ஆபீஸ் போங்க" என்கிறார்கள். லேபர் ஆபீஸில் "அவங்க உங்க தொழிலாளர்களே இல்லையே, நாங்க என்ன செய்ய" என்கிறார்கள்.

தெரிய வேண்டியது மூன்று. சொந்த ஆளை வைத்து இறக்கத் தடை ஏதும் உண்டா? இரண்டு ஆபீஸும் ஒன்றை ஒன்று கைகாட்டும்போது எந்தக் கதவை முதலில் தட்டுவது? சங்கத்தின் மேல் சிவில் வழக்கே போட முடியாது என்று சொல்கிறார்களே, உண்மையா? அடுத்த லோடு 12 நாளில் வருகிறது. "நல்ல வக்கீலைப் பாருங்க" என்பதைத் தாண்டி யாராவது சொன்னால் நல்லது.

மஞ்சக்குப்பம்_குமாஸ்தா:

ஐயா, முதலில் அந்த "ஏரியா உரிமை"யைப் பார்த்துவிடுவோம். தமிழ்நாட்டில் அப்படி ஓர் உரிமை எந்தச் சட்டத்திலும் கிடையாது. 1982ஆம் ஆண்டின் உடலுழைப்புத் தொழிலாளர் சட்டத்தை வைத்து நல வாரியம் நடக்கிறது. அந்த வாரிய அட்டை விபத்து உதவி, பிள்ளைகள் படிப்புக்கு உதவி, ஓய்வூதியம் இவற்றுக்கானது. இன்ன தெருவில் இறங்கும் சரக்கு இன்னாருக்கு என்று அதில் யாரும் பட்டா போட்டுக் கொடுக்கவில்லை. குழப்பம் கேரளத்திலிருந்து வந்தது. அங்கே 1978ஆம் ஆண்டின் சுமைத்தொழிலாளர் சட்டம் என்று தனிச் சட்டம் இருக்கிறது, வட்டாரவாரியாகப் பதிவு, வேலைப் பங்கீடு எல்லாம் உண்டு. அந்தக் கேரளத்திலேயே வேலை செய்யாமல் வேடிக்கை பார்த்து வாங்கும் "நோக்குகூலி"யை 2018 மே 1 முதல் அரசு தடை செய்துவிட்டது. அங்கே இல்லாததை இங்கே கேட்க முடியாது.

சொந்த ஆளை வைத்து இறக்குவது அரசியல் சாசனம் 19(1)(ஜி) தரும் தொழில் செய்யும் உரிமைக்குள் வருகிறது. தடை இல்லை. சங்கம் வைப்பதும் அதே 19ஆம் பிரிவு தரும் உரிமைதான், அதையும் மறுக்க முடியாது. கோஷம் போடலாம், நோட்டீஸ் கொடுக்கலாம், "எங்களுக்கு வேலை கொடுங்க" என்று வாசலில் நின்று கேட்கலாம். உடம்பை வைத்து வழியை அடைக்கும்போதுதான் கோடு தாண்டுகிறது. உங்கள் வழக்கு முழுக்க இந்தக் கோட்டில்தான் நிற்கிறது. ஆகவே மனுவில் "தொல்லை தருகிறார்கள்", "தொழில் செய்ய விடவில்லை" என்றெல்லாம் எழுதிப் பயனில்லை.

என்ன குற்றம் என்று பார்ப்போம். பாரதிய நியாய சன்ஹிதா (பழைய இந்தியத் தண்டனைச் சட்டத்துக்குப் பதில் வந்தது) 126, சட்டவிரோதமாகத் தடுத்தல். ஒரு மாதம் வரை வெறுங்காவல் அல்லது 5,000 ரூபாய் வரை அபராதம் அல்லது இரண்டும். தண்டனை சின்னதுதான், ஆனால் போலீஸ் நேரடியாக வழக்குப் பதியக்கூடிய குற்றம். இதில் பலர் சறுக்கும் இடம் ஒன்று உண்டு. அந்தப் பிரிவு "நபரை" மறிப்பதைப் பற்றிப் பேசுகிறது, சரக்கை மறிப்பதைப் பற்றி அல்ல. "என் சரக்கை இறக்க விடவில்லை" என்று எழுதினால் சிவில் தகராறு என்று ஒதுக்கிவிடுவார்கள். இப்படி எழுதுங்கள்:

"இன்ன தேதி காலை 9.40 மணிக்கு, இன்ன பதிவு எண் லாரியை ஓட்டி வந்த இன்னாரை, கடையின் கேட்டுக்குள் வண்டியை ஓட்டிச் செல்லவிடாமல், கீழ்க்கண்ட நபர்கள் வண்டியின் முன்சக்கரத்துக்கு 3 அடி தூரத்தில் உட்கார்ந்து 11.15 மணி வரை தடுத்தனர். இன்னார் '4,000 ரூபாய் வைத்தால்தான் எழுந்திருப்போம்' என்று கூறினார்."

அந்தக் கடைசி வாக்கியம் அதே சன்ஹிதாவின் 308இன் பக்கம் போகிறது. மிரட்டிப் பணம் பறித்தல். பணம் கைமாறியிருந்தால் 308(2), ஏழு ஆண்டு வரை. கைமாறாமல், பறிப்பதற்காக அச்சுறுத்தியதோடு நின்றிருந்தால் 308(3), இரண்டு ஆண்டு வரை. ஆனால் "கூலி கொடுங்க" என்று கேட்டாலே பணம் பறிப்பு ஆகாது. கொடுக்காவிட்டால் உடலுக்கோ மனதுக்கோ பெயருக்கோ பொருளுக்கோ சட்டவிரோதமாகக் கேடு வரும் என்ற பயம் காட்டியிருக்க வேண்டும். இல்லாததைச் சேர்த்து எழுதினால் உள்ளதும் போய்விடும்.

இனி வரிசை. மறித்த நிமிடமே 112க்கு அழையுங்கள். போலீஸ் வந்தாலும் வராவிட்டாலும் அழைப்பு நேரம் பதிவாகும், பின்னால் அதுவே சாட்சி. அன்றே எழுத்துப் புகார், இரண்டு பிரதி, சி.எஸ்.ஆர். ரசீது. சி.எஸ்.ஆர். என்பது எஃப்.ஐ.ஆர். அல்ல, மனு வாங்கிக்கொண்டதற்கான சீட்டு, அவ்வளவுதான். அதை வைத்துக்கொண்டு வழக்குப் பதிந்துவிட்டதாக நினைத்து மாதக்கணக்கில் காத்திருப்பவர்கள் நிறைய.

பதிய மறுத்தால் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா (புதிய குற்ற நடைமுறைச் சட்டம்) 173(4)இன்படி மாவட்ட எஸ்.பி.க்குப் பதிவுத் தபாலில் (இப்போது பதிவு வசதியோடு ஸ்பீடு போஸ்ட்) அதே புகார். அதற்கும் அசையவில்லையென்றால் 175(3)இல் மாஜிஸ்திரேட்டிடம் மனு, கூடவே பிரமாண வாக்குமூலம். எஸ்.பி.க்கு அனுப்பிய அத்தாட்சி இல்லாமல் நேராக மாஜிஸ்திரேட்டிடம் போனால் மனு திரும்பி வரும். "14 நாள் விசாரித்துவிட்டுத்தான் பதிவோம்" என்று ஸ்டேஷனில் சொல்லலாம். 173(3)இல் அப்படி ஒரு வழி உண்டு, டி.எஸ்.பி. அனுமதியோடு. ஆனால் அது மூன்று ஆண்டு முதல் ஏழு ஆண்டுக்குக் குறைவான தண்டனை உள்ள குற்றங்களுக்கு மட்டும். 126 அதற்குக் கீழே, 308(2) சரியாக ஏழு ஆண்டு. இரண்டுமே அந்த வளையத்தில் வராது. இதை மரியாதையாகச் சுட்டிக்காட்டலாம்.

சிவில் பக்கம் தனியாக எழுதுகிறேன், நீளமானது.

லாரி_ஷெட்_கணக்கு:

சட்டத்தை குமாஸ்தா சார் சொல்லட்டும். லாரி வாசலில் நிற்கும்போது கைநழுவிப் போகிற விஷயங்கள் சில உண்டு.

டிரைவர்தான் உங்கள் முதல் சாட்சி. இறக்கி முடித்ததும் அடுத்த லோடுக்குப் போய்விடுவார், அப்புறம் பிடிக்க முடியாது. அவர் கிளம்புவதற்கு முன் பெயர், லைசென்ஸ் எண், போன் எண், எத்தனை மணிக்கு வந்தார், எத்தனை மணி வரை மறித்தார்கள் என்று ஒரு வெள்ளைத் தாளில் அவர் கையாலேயே எழுதி வாங்குங்கள். இந்தியிலோ குஜராத்தியிலோ எழுதட்டும். நீங்கள் தமிழில் எழுதி அவரிடம் கையெழுத்து வாங்கினால் "என்ன எழுதியிருந்தது என்றே தெரியாது" என்று நாளைக்குச் சொல்ல இடம் இருக்கிறது. டிரான்ஸ்போர்ட்காரர் ஹால்டிங் சார்ஜ் (வண்டி காத்து நின்றதற்கான கட்டணம்) கேட்டால் வாய்ப்பேச்சாகக் கொடுக்காமல் பில்லாக வாங்குங்கள். நஷ்டத்துக்கு அதுதான் காகிதம்.

இ-வே பில்லை (சரக்கு கொண்டுவருவதற்கான ஜி.எஸ்.டி. சீட்டு) பாருங்கள். 200 கி.மீ.க்கு ஒரு நாள் கணக்கு. மோர்பியிலிருந்து 2,000 கி.மீ. என்று போட்டிருந்தால் 10 நாள். வண்டி வழியில் பஞ்சராகி, பார்டரில் நின்று, பத்தாவது நாள்தான் கடலூர் வந்து சேரும். இங்கே மறித்து ஒரு ராத்திரி நின்றால் பில் செத்துப்போகும். காலாவதியாகும் நேரத்துக்கு 8 மணி நேரம் முன்னும் 8 மணி நேரம் பின்னும் நீட்டிக்கலாம். போர்ட்டலில் காரணம் கேட்கும் இடத்தில் சட்டம் ஒழுங்கு என்றே ஒரு தேர்வு இருக்கிறது, அதைப் போடுங்கள். வழக்கு நடக்கும்போது உங்கள் புகாரும் இதுவும் ஒரே நேரத்தைச் சொல்லும்.

இன்னொன்று, மறித்தார்கள் என்று வண்டியைத் திருப்பி மச்சான் குடோனில் இறக்கிவிடாதீர்கள். அந்த இடம் உங்கள் ஜி.எஸ்.டி. பதிவில் கூடுதல் தொழில் இடமாக இருக்க வேண்டும். இல்லையென்றால் வழியில் பிடித்தால் ஜி.எஸ்.டி. சட்டத்தின் 129ஆம் பிரிவில் வரித்தொகையைப் போல இரண்டு மடங்கு அபராதம். பார்டர் தாண்டிக் கன்னியக்கோயில் பக்கம் கொண்டு போனால் இன்னும் மோசம். 33இல் தொடங்கும் தமிழ்நாட்டு ஜி.எஸ்.டி. எண்ணுக்கு வந்த சரக்கு 34 எண்ணுள்ள புதுச்சேரியில் இறங்குகிறது என்று ஆகிவிடும். அரை மணி நேரப் பாதைதான், ஜி.எஸ்.டி.க்கு அது வேறு தேசம்.

கடைசியாக, ரோட்டில் நிறுத்தி இறக்காதீர்கள். லாரன்ஸ் ரோடு மாதிரி நெரிசலான இடத்தில் வண்டியைப் பாதி ரோட்டில் நிறுத்தினால் பொதுவழியை அடைத்தது நீங்கள்தான் என்று நியாய சன்ஹிதா 285இல் உங்கள் மேலேயே எழுத முடியும். வண்டி கேட்டுக்குள் வர வழி இல்லாத கடை என்றால் சின்ன வண்டிக்கு மாற்றி உள்ளே கொண்டுவருவது செலவுதான், ஆனால் கேஸ் சுத்தமாக நிற்கும்.

சுமைப்பணி_தோழர்:

எதிர்ப்பக்கத்திலிருந்து எழுதுகிறேன், கோபப்படாமல் படிக்கவும்.

வேலை செய்யாமல் பாதிக் கூலி கேட்பதை எந்த நியாயத்திலும் சேர்க்க முடியாது. உழைப்புக்குக் கூலி என்று பேசும் சங்கம் அதைக் கேட்கவும் கூடாது. அதில் உங்கள் பக்கம்தான் நியாயம். ஆனால் எடுத்ததும் 308, பணம் பறிப்பு என்று போனால் என்ன ஆகும்? அந்த ஏழு பேரில் இரண்டு பேர் உள்ளே போவார்கள், பெயில் வாங்கி வெளியே வருவார்கள், அப்புறம் அதே தெருவில் பத்து வருஷம் ஒருவர் முகத்தில் ஒருவர் விழிக்க வேண்டும்.

முதலில் அவர்கள் யார் என்று கண்டுபிடியுங்கள். பதிவு பெற்ற சங்கம் என்றால் பதிவு எண் இருக்கும், வருடா வருடம் கணக்கு தாக்கல் செய்யும். ரசீதுப் புத்தகத்தில் எண் அச்சாகியிருக்கும், அல்லது தொழிலாளர் துறையில் தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டிக் கேட்கலாம். கொடி ஒன்று, போர்டு ஒன்று, மாவட்டக் கமிட்டிக்குத் தெரியாமல் கிளையே தானாக நடத்துவது ஒன்று என்று இருக்கும் இடங்கள் உண்டு. மாவட்டச் செயலாளருக்குப் பதிவுத் தபாலில் ஒரு கடிதம்: "உங்கள் கிளை என்ற பெயரில் இன்ன தேதியில் இப்படி நடந்தது. இது சங்கத்தின் முடிவா?" பாதிக்கு மேல் அங்கேயே அடங்கிவிடும். அடங்காவிட்டாலும் அந்தக் கடிதம் போய்ச் சேர்ந்ததற்கான அத்தாட்சி உங்களுக்குக் கோர்ட்டில் உதவும்.

இன்னொன்று கேட்கிறேன். மாதம் இரண்டு மூன்று லோடு, ஒவ்வொன்றிலும் நூற்றுக்கணக்கில் பெட்டி. 2க்கு 2 டைல்ஸ் பெட்டி ஒன்று 28, 30 கிலோ இருக்கும். மூன்று பேர் இறக்கினால் எவ்வளவு நேரம் ஆகும்? பெரிய லோடை மட்டும் சங்கத்துக்குக் கொடுத்து, சின்ன வண்டியைச் சொந்த ஆள் வைத்துக்கொள்வது என்று பேசி முடித்த கடைகள் உண்டு. அப்படி முடித்தால் எழுதிக்கொள்ளுங்கள்: பெட்டிக்கு இவ்வளவு, லாரி வந்த அரை மணிக்குள் ஆள் வர வேண்டும், வராவிட்டால் கடை ஆள் இறக்கலாம், உடைந்தால் எத்தனை பெட்டி வரை யார் பொறுப்பு, ராத்திரி 8 மணிக்கு மேல் என்ன கூலி, ஒரு வருடம்தான், பிறகு புதுசாகப் பேசணும். கூலியை மேஸ்திரி கையில் ரொக்கமாகக் கொடுக்காமல் ஒவ்வொருவருக்கும் யு.பி.ஐ.யில் போட்டால் நடுவில் யார் எவ்வளவு எடுக்கிறார்கள் என்ற தகராறும் கிடையாது.

சட்டத்தில் ஒரு திருத்தம். தொழிற்சங்கச் சட்டத்தில் "தொழில் தகராறு" என்பதற்கான விளக்கம், அந்த முதலாளியிடம் வேலை பார்க்காதவர்களையும் சேர்த்துத்தான் எழுதப்பட்டிருந்தது. "அவங்க உங்க தொழிலாளி இல்லை, அதனால் சங்கத்துக்குப் பாதுகாப்பே கிடையாது" என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள்.

மஞ்சக்குப்பம்_குமாஸ்தா:

தோழர் சொன்னது சரி. பல வக்கீல்களே அந்த இடத்தில் இடறுவார்கள், அதனால் விரித்துச் சொல்கிறேன்.

1926ஆம் ஆண்டு தொழிற்சங்கச் சட்டத்தில் 18 என்று ஒரு பிரிவு இருந்தது. தொழில் தகராறை முன்னிட்டு வேலை ஒப்பந்தத்தை மீறத் தூண்டினார்கள், பிறருடைய தொழிலில் தலையிட்டார்கள் என்ற காரணத்தை மட்டும் வைத்து சங்கத்தின் மேல் சிவில் வழக்கு போட முடியாது என்பது அது. 2025 நவம்பர் 21 முதல் அந்தச் சட்டம் போய் 2020ஆம் ஆண்டின் தொழிலுறவுத் தொகுப்பு நடைமுறைக்கு வந்துவிட்டது. எண் மாறியது, பாதுகாப்பு தொடர்கிறது. பிராதில் (வழக்கு மனுவில்) பழைய பிரிவை எழுதி எதிர்த்தரப்பு வக்கீலுக்குச் சிரிக்க இடம் கொடுக்க வேண்டாம்.

சங்கத்தின் மேல் வழக்கே போட முடியாது என்ற பேச்சு இங்கிருந்துதான் பிறந்தது. உயிர் இருப்பது "மட்டும்" என்ற சொல்லில். வழியை அடைப்பது, ஆளைத் தடுப்பது, மிரட்டுவது ஆகியவை தனிக் குற்றங்கள், அவற்றுக்கு இந்தப் பாதுகாப்பு இல்லை. 1967இல் ஜெய் இன்ஜினியரிங் வழக்கில் கல்கத்தா உயர் நீதிமன்றம் கெரோ (ஆளைச் சூழ்ந்து முற்றுகையிடுவது) பற்றி இதைத்தான் சொன்னது: குற்றமாகும் செயலுக்குச் சங்கம் என்ற போர்வை கிடையாது. அதோடு, தகராறில் சங்கத் தரப்புக்கு நேரடியான அல்லது கணிசமான நலன் இருக்க வேண்டும் என்று 1958இல் டிமாகுச்சி தேயிலைத் தோட்ட வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. உங்கள் கடையில் ஒரு நாளும் வேலை செய்யாதவர்களுக்கு அந்த நலன் என்ன என்று வாதாடலாம். ஆனால் அதை இரண்டாவது வாதமாக வையுங்கள், முதல் வாதம் வழி மறித்ததுதான்.

இப்போது வழக்கு. முன்சீப் கோர்ட்டில் நிரந்தர உறுத்துக்கட்டளைக்கு (தடை உத்தரவுக்கு) பிராது, குறிப்பீட்டுப் பரிகாரச் சட்டம் (ஸ்பெசிபிக் ரிலீஃப் ஆக்ட்) 38. கூடவே சிவில் நடைமுறைச் சட்டம் ஆர்டர் 39 ரூல் 1, 2இல் தற்காலிக உறுத்துக்கட்டளைக்கு ஐ.ஏ. (இடைக்கால மனு). இதில் கெட்டுப்போகும் இடங்கள் சில.

என்ன கேட்பது என்பது முதல் இடம். "எங்கள் கடை முன் எந்தப் போராட்டமும் கூடாது" என்று கேட்டால் கோர்ட் கொடுக்காது, கொடுத்தாலும் மேல்முறையீட்டில் நிற்காது. "ஆட்கள், சரக்கு, வாகனங்கள் உள்ளே வருவதையும் வெளியே போவதையும் தடுக்கக் கூடாது, கேட்டிலிருந்து இத்தனை மீட்டருக்குள் கூடக் கூடாது" என்று குறுக்கிக் கேளுங்கள். வாசலின் வரைபடம் ஒன்று, அளவோடு, பிராதுடன் இணைப்பாக வையுங்கள். எந்த கேட், எத்தனை அடி, எந்தத் திசை என்று தெளிவாக இருந்தால் நீதிபதிக்கும் வேலை சுலபம்.

யாரைப் பிரதிவாதி ஆக்குவது? பதிவு பெற்ற சங்கம் என்றால் அதன் பெயரிலேயே, செயலாளர் மூலம். பதிவு இல்லாத கூட்டம் என்றால் ஆர்டர் 1 ரூல் 8இல் பிரதிநிதித்துவ வழக்கு, அதற்குக் கோர்ட் அனுமதி, பத்திரிகை விளம்பரம் எல்லாம் வேண்டும். எதுவானாலும் மறித்தவர்களில் நான்கைந்து பேரை அப்பா பெயர், முகவரியோடு தனித்தனியாகவும் சேருங்கள். உத்தரவை மீறினால் ஆர்டர் 39 ரூல் 2ஏ-இல் சொத்து ஜப்தி, மூன்று மாதம் வரை சிவில் சிறை என்று இருக்கிறது, ஆனால் யார் மீறினார் என்று விரல் நீட்டிக் காட்ட வேண்டும். "சங்கத்தினர்" என்ற சொல்லை ஜெயிலுக்கு அனுப்ப முடியாது.

போலீஸை இந்த வழக்கில் பிரதிவாதியாகச் சேர்க்காதீர்கள். அரசைச் சேர்த்தால் அதே சிவில் நடைமுறைச் சட்டத்தின் 80ஆம் பிரிவில் இரண்டு மாத நோட்டீஸ் வேண்டும், அவசரம் என்று விலக்குக் கேட்டு இன்னொரு மனு போட வேண்டும். உங்களிடம் இருப்பது 12 நாள். உறுத்துக்கட்டளை கிடைத்த பிறகு, அதைச் செயல்படுத்தப் போலீஸ் உதவி வேண்டும் என்று அதே கோர்ட்டில் 151ஆம் பிரிவில் தனி மனு போடலாம்.

எக்ஸ்பார்ட்டியாக (எதிர்த்தரப்பைக் கேட்காமலே) உத்தரவு கிடைத்தால் அன்றைக்குக் கொண்டாட வேண்டாம். ஆர்டர் 39 ரூல் 3இன்படி மனு, வாக்குமூலம், பிராது, ஆவணங்கள் எல்லாவற்றின் நகலையும் எதிர்த்தரப்புக்குப் பதிவுத் தபாலில் உடனே அனுப்பி, அனுப்பினேன் என்று அதே நாள் அல்லது மறுநாள் அபிடவிட் தாக்கல் செய்ய வேண்டும். இதைத் தவறவிட்டதற்காகவே உத்தரவு ரத்தாகும். பேட்டா (நோட்டீஸ் அனுப்பக் கோர்ட்டில் கட்டும் கட்டணம்) கட்டியாயிற்றா என்று வக்கீல் குமாஸ்தாவிடம் இரண்டு தடவை கேளுங்கள். குமாஸ்தாவாக இருந்துதான் சொல்கிறேன்.

நேராக ஹைகோர்ட்டில் ரிட் போடலாமே என்று கேட்பார்கள். அரசியல் சாசனம் 226இல் போலீஸ் பாதுகாப்பு கேட்கலாம், ஆனால் முதலில் போலீஸுக்கு மனு கொடுத்த அத்தாட்சி வேண்டும். பெரும்பாலும் "மனுவைப் பரிசீலித்து முடிவெடுங்கள்" என்ற உத்தரவோடு முடியும். தனியாருக்குத் தனியார் தகராறு என்று சிவில் கோர்ட்டுக்கே திருப்பியும் விடுவார்கள். கையில் முன்சீப் கோர்ட் உத்தரவு இருந்து, அதைப் போலீஸ் மதிக்காமல் இருக்கும்போது ரிட்டுக்கு வலு வேறு.

பாகூர்_ஏரி:

புதுச்சேரி எல்லைக்குள் குடோன் வைத்திருப்பவர்களும் இதைப் படிப்பார்கள், அவர்களுக்காகக் கொஞ்சம். ஹைகோர்ட் நமக்கும் சென்னைதான். கீழ்க் கோர்ட், கடலூர் சாலையில் இருக்கும் நீதிமன்ற வளாகம். தொழிலாளர் துறை காந்தி நகரில். தமிழ்நாட்டின் 1982 சட்டம் இங்கே செல்லாது, ஆகவே அந்த வாரிய அட்டையைக் காட்டி இங்கே யாரும் எதையும் கேட்க முடியாது. எஸ்.பி.க்கு என்று மேலே எழுதியிருக்கும் இடத்தில் நம் ஊரில் சட்டம் ஒழுங்கு எஸ்.எஸ்.பி.க்கும் ஒரு பிரதி அனுப்புவது நல்லது.

கடை கடலூரில், குடோன் கிருமாம்பாக்கத்தில் என்று இருப்பவர்கள் நிறையப் பேர். மறித்த இடம் எதுவோ அந்த ஊர் ஸ்டேஷன், அந்த ஊர் கோர்ட். ரெட்டிச்சாவடிக்கும் கிருமாம்பாக்கத்துக்கும் நடுவில் ரோட்டிலேயே மறித்தால் எந்த ஸ்டேஷன் என்று தெரியாமல் அலைய வேண்டியதில்லை. எல்லை எதுவானாலும் முதல் ஸ்டேஷனிலேயே புகாரை வாங்கிப் பதிந்து மாற்றி அனுப்ப வேண்டும் என்று 173(1) சொல்கிறது. ஜீரோ எஃப்.ஐ.ஆர். என்பார்கள். கூகுள் மேப்பில் இருப்பிடத்தை ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கள். அந்த ரோட்டில் போர்டு தமிழ்நாடு என்று இருக்கும், பத்தடி தள்ளிப் புதுச்சேரி.

கேமரா பற்றி யாரும் எழுதவில்லையே. சாதாரண டி.வி.ஆர்.இல் (கேமரா பதிவுப் பெட்டி) 15 முதல் 30 நாளில் பழையதன் மேல் புதியது பதிந்துவிடும். அன்றைக்கே பென் டிரைவில் எடுத்து, டி.வி.ஆர்.ஐயும் கைப்படாமல் வையுங்கள். பாரதிய சாக்ஷ்ய அதிநியம் (புதிய சாட்சியச் சட்டம்) 63இன்படி சான்றிதழ் வேண்டும், அதில் இரண்டு பகுதி: முதல் பகுதி நீங்கள், இரண்டாம் பகுதி நிபுணர், கோப்பின் ஹேஷ் எண்ணோடு (கோப்பு மாறவில்லை என்று காட்டும் எண்). பெரும்பாலும் கெடுவது கடிகாரத்தில்தான். டி.வி.ஆர். நேரம் 25 நிமிடம் பிந்தி ஓடும், புகாரில் 9.40, வீடியோவில் 9.15 என்று வரும், குறுக்கு விசாரணையில் அதையே பிடித்துக்கொள்வார்கள். லாரி வருவதற்கு முன்னால் நேரத்தைச் சரி செய்து வையுங்கள்.

கெடிலக்கரை:

எல்லோருக்கும் நன்றி. தோழர் சொன்ன கடிதத்தை முதலில் அனுப்பிவிட்டு அதே நேரத்தில் பிராதையும் தயார் செய்யலாம் என்று படுகிறது. இரண்டு சந்தேகம். தாசில்தார் ஆபீஸில் அமைதிப் பேச்சுவார்த்தைக்கு வரச் சொன்னால் போகணுமா? அவர்கள் பதிலுக்கு நம் மேல் புகார் கொடுத்தால்?

மஞ்சக்குப்பம்_குமாஸ்தா:

பேச்சுவார்த்தைக்குப் போங்கள். போகாவிட்டால் "ஒத்துழைக்கவில்லை" என்று எழுதுவார்கள். ஆனால் கடைசியில் ஒரு தாள் நீட்டுவார்கள். "இரு தரப்பும் சம்மதித்தபடி, இனி வரும் லோடுகளைச் சங்கத் தொழிலாளர்கள் மூலம் இறக்குவதாக" என்று அதில் இருந்தால் கையெழுத்துப் போடாதீர்கள். இத்தனை நேரம் சட்டத்தில் இல்லாத உரிமை அந்தக் கையெழுத்தில் பிறந்துவிடும், உறுத்துக்கட்டளை கேட்டுப் போகும்போது அதைத்தான் முதல் ஆவணமாக எதிர்த்தரப்பு வைக்கும். "கலந்துகொண்டேன், நிபந்தனையை ஏற்கவில்லை" என்று எழுதிக் கீழே கையெழுத்துப் போடுங்கள், நகல் கேட்டு வாங்குங்கள். தோழர் சொன்ன மாதிரி நீங்களாக விரும்பிப் போடும் ஒப்பந்தம் வேறு, தாசில்தார் மேசையில் அவசரத்தில் போடும் கையெழுத்து வேறு. ஒப்பந்தத்திலும் "சங்கத்தார் மட்டும்" என்ற சொல் வரக் கூடாது.

பதில் புகார் கட்டாயம் வரும். குறைந்தபட்சக் கூலி, சிறுவர் வேலை, விபத்துக் காப்பு என்று தொழிலாளர் துறைக்கு எழுதுவார்கள். அதனால் லாரி வருவதற்குள் வீட்டைப் பெருக்கி வையுங்கள். மூன்று பேருக்கும் பணி நியமனக் கடிதம், அதில் "ஏற்றி இறக்கும் பணி" என்று வெளிப்படையாக. பதிவேட்டில் "விற்பனை உதவியாளர்" என்று இருந்து, வாசலில் பெட்டி தூக்கினால் அன்றைக்குத்தான் வெளியாளைக் கூட்டி வந்ததாகச் சொல்வார்கள். சம்பளம் வங்கி வழியாக. கடையில் 10 பேருக்குக் கீழ் என்பதால் இ.எஸ்.ஐ. இல்லை, அப்படியானால் தொழிலாளர் இழப்பீட்டுக் காப்பீடு எடுத்து, பாலிசியில் வேலையின் தன்மை என்ற இடத்தில் ஏற்றி இறக்குதல் என்று எழுதச் சொல்லுங்கள். கடைப்பையன் என்று எழுதிய பாலிசி, 30 கிலோ பெட்டி காலில் விழும் நாளில் காசு தராது. இறக்கும் இடத்தில் 18 வயதுக்குக் கீழ் ஒரு பையன்கூட நிற்கக் கூடாது, விடுமுறைக்கு வந்த சொந்தக்காரப் பையனாக இருந்தாலும்.

அவர்கள் முந்திக்கொண்டு கோர்ட்டுக்குப் போய் எக்ஸ்பார்ட்டியாக ஏதும் வாங்கிவிடாமல் இருக்க சிவில் நடைமுறைச் சட்டம் 148ஏ-இல் கேவியட் (எங்களைக் கேட்காமல் உத்தரவு போடாதீர்கள் என்ற மனு) போட்டு வையுங்கள். 90 நாள் செல்லும். எந்தக் கோர்ட்டில் போடுவார்கள் என்று தெரியாதென்றால் மஞ்சக்குப்பம் கோர்ட் வளாகத்தில் வாய்ப்புள்ள ஒவ்வொரு கோர்ட்டிலும் தனித்தனியாகப் போட வேண்டும், ஒன்றில் போட்டது மற்றதில் செல்லாது.

சுமைப்பணி_தோழர்:

மாவட்டச் செயலாளருக்கு அனுப்பும் கடிதத்தில் கேவியட், 308 என்றெல்லாம் எழுதாதீர்கள் ஐயா. தேதி, நேரம், வண்டி எண், கேட்ட தொகை, அவ்வளவு போதும். பதில் சொல்ல 7 நாள் கொடுங்கள். உங்கள் லோடு வர 12 நாள் இருக்கிறது, பதில் வராவிட்டாலும் பிராது போட 5 நாள் மிச்சம் இருக்கும்.